ஊசி போட்டால் ஈர்ப்பு மாறுமா?

கேள்வி: எனக்கு வயது 28. அப்பாவோடு விவசாயம் பார்க்கிறேன். சிறு வயதிலிருந்தே ஆண்கள் மீதுதான் ஈர்ப்பு. வீட்டில் யாருக்கும் தெரியாது. கல்யாணப் பேச்சைத் தட்டிக்கழித்துக்கொண்டே வந்ததால், ஆண்மைக் குறைவாக இருக்குமோ என்று அப்பா ஒரு மருத்துவரிடம் அழைத்துப் போனார். பரிசோதனையில் எல்லாம் சரியாக இருக்கிறது. ஆனாலும் டெஸ்டோஸ்டிரோன் என்ற ஆண் ஹார்மோன் ஊசி போடலாம் என்கிறார். போட்டால் மாறிவிடுமா? ஒரு மாதமாகத் தூக்கமில்லை. செத்துவிடலாமா என்றுகூடத் தோன்றுகிறது.
- பெயர் வெளியிட விரும்பாத வாசகர்

பதில்: ஊசியைப் பற்றி அப்புறம் பேசலாம். முதலில் நீங்கள் கடைசியாக எழுதியிருப்பதற்கு வருகிறேன். உங்கள் வீட்டில் பூச்சிமருந்து எங்கே இருக்கிறது? விவசாயக் குடும்பத்திலிருந்து வருகிறவர் இப்படிச் சொன்னால் நான் கேட்கும் முதல் கேள்வி இதுதான். சாகவேண்டும் என்ற வேகம் பலருக்குக் கொஞ்ச நேரத்தில் தணிந்துவிடும். அந்த நேரத்தில் டப்பா கைக்கெட்டும் தூரத்தில் இருக்கக் கூடாது. இலங்கையில் 1995-ஐ ஒட்டிக் கொடிய பூச்சிமருந்துகளை ஒவ்வொன்றாகத் தடை செய்தார்கள். அடுத்த இருபது ஆண்டுகளில் அங்கே தற்கொலை விகிதம் சுமார் 70 சதவீதம் குறைந்தது. அதனால் மருந்தைப் பூட்டி, சாவியை வேறு யாரிடமாவது கொடுத்துவிடுங்கள். கொஞ்ச நாளைக்கு மருந்தடிக்கும் வேலையையும் வேறு ஆள் பார்க்கட்டும். இந்த வாரமே ஒரு மனநல மருத்துவரைப் பாருங்கள். அந்த எண்ணம் முற்றினால் வாரக் கணக்கெல்லாம் பார்க்காமல் உடனே அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போய்விடுங்கள்.

சரி, ஊசி. வேண்டாம். டெஸ்டோஸ்டிரோன் ஆசையின் அளவைக் கூட்டலாம், குறைக்கலாம். ஆசை யார் மீது என்பதை அது தீர்மானிப்பதில்லை. ஹார்மோன் அளவு சரியாக இருப்பவருக்கு வெளியிலிருந்து ஏற்றினால், விரைகளுக்கு மூளை அனுப்பும் சமிக்ஞை குறைந்துவிடும். விந்தணு உற்பத்தி சரியும், விரைகளும் சுருங்கும். தன்பாலீர்ப்பு நோயே இல்லை. உலக சுகாதார நிறுவனம் 1990-லேயே அதை நோய்ப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டது. 'மாற்றிக் காட்டுகிறேன்' என்று யார் சொன்னாலும், அவர் எத்தனை பட்டம் வாங்கியவராக இருந்தாலும், எழுந்து வந்துவிடுங்கள்.

இன்னொன்று. மனச்சோர்வுக்குத் தரும் சில மாத்திரைகள் பாலுணர்வை மந்தமாக்கும். 'அந்த எண்ணமே வரவில்லை, குணமாகிவிட்டது' என்று நீங்களோ வீட்டாரோ நம்பி, அந்தச் சூட்டோடு கல்யாணத் தேதி குறித்துவிடாதீர்கள். அது வெறும் பக்கவிளைவு. கல்யாணம் ஆனால் எல்லாம் சரியாகிவிடும் என்பதும் நடக்காத காரியம். ஒன்றும் அறியாமல் வரும் அந்தப் பெண் தன்னிடம்தான் ஏதோ குறை என்று வருஷக்கணக்காகக் குமைந்துகொண்டிருப்பாள். அப்படிப்பட்ட பெண்களும் என்னிடம் வருகிறார்கள்.

அப்பாவிடம் சொல்ல வேண்டுமா என்றால், இப்போதைக்கு அவசியமில்லை என்பேன். கல்யாணம் வேண்டாம் என்பதற்குக் காரணத்தை விளக்கியே ஆக வேண்டும் என்றில்லை. நிலம் அப்பா பெயரில், உழைப்பு உங்களுடையது, கையில் தனியாகக் காசு இல்லை என்பதுதான் பல பிள்ளைகளின் நிலை. சண்டைக்கு நடுவில் வாய் தவறிச் சொல்லி, 'வெளியே போ' என்று அவர் கத்தினால் அன்றிரவு எங்கே படுப்பீர்கள்? அதற்கு ஓர் இடமும் கொஞ்சம் பணமும் தயாரான பிறகு சொல்வதா வேண்டாமா என்று யோசிக்கலாம். அதுவரை நம்பிக்கையான ஒருவரிடம் மட்டும் சொல்லுங்கள். அது உள்ளூர் ஆளாக இல்லாதது நல்லது. சின்ன ஊரில் உங்கள் வண்டி எங்கே நின்றது என்பதுகூட மாலைக்குள் எல்லோருக்கும் தெரிந்துவிடும்.

மருத்துவரிடம் போகும்போது அப்பா கூட வந்தால், 'தனியாகப் பேச வேண்டும்' என்று மருத்துவரிடம் கேளுங்கள். உங்கள் ரகசியத்தைக் காப்பது அவர் கடமை. அப்பா விசாரித்தால் தூக்கத்துக்கு வைத்தியம் பார்க்கிறேன் என்று சொல்லுங்கள். அதில் பொய் ஒன்றும் இல்லை.