என் அக்கா மகள் மீதான வல்லுறவு வழக்கில் கைதானவன் ஜாமீன் மனு போட்டிருக்கிறான். எங்களைக் கேட்காமலே ஜாமீன் கொடுத்துவிடுவார்களா? (குடியாத்தம்)

கொடுக்கக் கூடாது. உங்கள் அக்கா மகளுக்கு 15 வயது. 16 வயதுக்குட்பட்ட பெண் மீதான வல்லுறவு வழக்கில், ஜாமீன் விசாரணையின்போது புகார் கொடுத்தவரோ அவர் சார்பாளரோ இருந்தே ஆக வேண்டும். குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 483(2) பிரிவு இது.

அவன் மனு போட்டது ஊரார் சொல்லித்தான் தெரிந்தது என்கிறீர்கள். காவல் நிலையம் நோட்டீஸைச் சேர்ப்பிக்காமல் விட்டிருக்கலாம். முதல் தகவல் அறிக்கை நகலோடு நாளையே வேலூர் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்துக்குப் போய், போக்சோ (சிறார் மீதான பாலியல் குற்ற வழக்குகளுக்கான) நீதிமன்ற அரசு வழக்கறிஞரிடம் மனு எண்ணையும் விசாரணைத் தேதியையும் கேளுங்கள். அவன் வீட்டார் வாசலில் வந்து மிரட்டியதைத் தேதியோடு எழுதிக் கொடுங்கள். சாட்சியைக் கலைப்பான் என்ற அச்சத்துக்கு நீதிமன்றத்தில் கனம் அதிகம். வழக்கறிஞர் இல்லையென்றால் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாகவே அமர்த்தித் தரும். பெண்களுக்கு வருமான வரம்பு கிடையாது.

ஆனால், ரிமாண்ட் ஆன (நீதிபதி காவலில் வைக்க உத்தரவிட்ட) நாளிலிருந்து 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாகாவிட்டால், ஜாமீன் கேட்பது அவன் உரிமையாகிவிடும். உங்கள் எதிர்ப்பு எடுபடாது. இப்போது எத்தனையாவது நாள் என்று விசாரணை அதிகாரியிடம் இன்றே கேளுங்கள்.