வாசகர் கேள்வி – பதில்: ஒன்ராறியோவில் மொழி வகுப்புகள்

கேள்வி: எங்கள் பகுதியில் தமிழ் வகுப்பு இல்லை. கேட்டால் தொடங்குவார்களா?
– வாசகி, பிரம்ரன்

பதில்: தொடங்கியே ஆக வேண்டும். ஒரு கல்விச்சபையில் படிக்கும் 25 ஆரம்பப் பாடசாலைப் பிள்ளைகளின் பெற்றோர் எழுத்தில் கேட்டால், வகுப்புக்கு ஏற்பாடு செய்வது அந்தச் சபையின் கடமை. பலர் சறுக்குவது சபைக் கணக்கில்தான். அயலில் 30 பிள்ளைகளைச் சேர்த்திருப்பார்கள். பாதிப்பேர் பொதுக் கல்விச்சபை, மீதிப்பேர் கத்தோலிக்கக் கல்விச்சபை. இரண்டு பக்கமும் எண்ணிக்கை போதாமல் போகும். எனவே கையெழுத்து வாங்கும்போதே பிள்ளையின் பெயர், தரம், பாடசாலை, சபை நான்கையும் எழுதி வாங்குங்கள். விலகுபவர்கள் இருப்பார்கள், ஐந்தாறு பேரைக் கூடுதலாகச் சேருங்கள். கடிதம் சபைக்குப் போக வேண்டும். அதிபருக்குப் பிரதி போதும்.

கேள்வி: வாரத்துக்கு இரண்டரை மணி நேரத் தமிழ் வகுப்பு போதுமா?
– வாசகர், மார்க்கம்

பதில்: போதாது. 40 வாரம் தவறாமல் நடந்தாலும் 100 மணிதான். பிரிட்டிஷ் கொலம்பியாவில் முதற்குடி மொழிகளை மீட்கும் திட்டமொன்றில், மொழி தெரிந்த மூத்தவரும் கற்பவரும் ஆண்டுக்கு 300 மணி ஆங்கிலமே கலக்காமல் சேர்ந்து வேலை செய்கிறார்கள்: சமைப்பது, துவைப்பது, கடைக்குப் போவது. வீட்டிலும் தினம் ஒரு வேலையைத் தமிழுக்கென்று ஒதுக்குங்கள். பிள்ளை ஆங்கிலத்தில் பதில் சொன்னால் நீங்களும் ஆங்கிலத்துக்குத் தாவாதீர்கள். அதையே தமிழில் சொல்லிக் காட்டிப் பேச்சைத் தொடருங்கள். தாவுகிற அந்த நொடியில்தான் மொழி கைவிட்டுப் போகிறது.

கேள்வி: தரம் 9 படிக்கும் மகன் முதற்குடி மொழியான ஒஜிப்வே படிக்க விரும்புகிறான். எங்களுக்கு இடமுண்டா?
– வாசகி, ஸ்காபறோ

பதில்: உண்டு. அந்தப் பாடம் எல்லா மாணவருக்கும் உரியது. 110 மணி நேரத்துக்கு ஒரு கிரெடிட். ஆனால் எல்லாப் பாடசாலையிலும் நடப்பதில்லை, பாடத்தெரிவுக்கு முன்பே வழிகாட்டல் ஆசிரியரிடம் கேளுங்கள்.

தமிழ்ப் பிள்ளைக்கு ஒரு வசதி இருக்கிறது. ஒஜிப்வேயில் கேட்பவரையும் சேர்த்தால் ‘கீநவிந்த்’, விலக்கினால் ‘நீநவிந்த்’: நம் நாம், நாங்கள் போலவே. ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர் இதற்கே திணறுவார். சிக்கல் திணையில் வரும். அங்கே பெயர்ச்சொற்கள் உயிருள்ளவை, உயிரற்றவை என்று பிரியும். கல்லும் கேத்திலும் உயிருள்ள பக்கம். ஒருவரையோ கல்லையோ பார்த்தால் ‘நிவாபமா’, புத்தகத்தைப் பார்த்தால் ‘நிவாபந்தான்’. வினையே மாறிவிடுகிறது. பெயரை மட்டும் மனப்பாடம் செய்தவர் வாக்கியம் அமைக்கும்போது திண்டாடுவது இதனால்தான். ஒவ்வொரு பெயரையும் பன்மையோடு சேர்த்துப் படிக்கட்டும்: பன்மை ‘க்’ என்று முடிந்தால் உயிருள்ளது, ‘ன்’ என்று முடிந்தால் உயிரற்றது. கல் ‘அசின்’, கற்கள் ‘அசினீக்’.

ஆசிரியரின் வட்டார வழக்கையும் முதல் வாரமே கேட்டு வைக்கட்டும். ஹூரோன் ஏரியிலுள்ள மனிற்றூலின் தீவுப் பக்கத்தில் அழுத்தமில்லாத உயிரெழுத்துகளை விழுங்கிப் பேசுவார்கள். அந்த மொழிக்கு அவர்களே வைத்த பெயரான ‘அனிஷினாபேமோவின்’ அங்கே ‘நிஷ்னாபேம்வின்’. வேறு வழக்கின் அகராதியை வைத்துத் தேடினால் வகுப்பில் கேட்ட சொல் அகப்படாது.