ரொறன்ரோ வீதிகளில் யார் சொல்வது நடக்கும்? வாசகர் கேள்விகளுக்குப் பதில்

புளூர் வீதியில் சைக்கிள் பாதை போட்டது மாநகரசபை. அதை எடுக்கச் சொல்ல ஒன்ராறியோ அரசுக்கு என்ன உரிமை?

உரிமை இருக்கிறது, எரிச்சலே அதுதான். 1867 அரசியலமைப்புச் சட்டத்தின் 92ஆம் பிரிவு உள்ளூராட்சியை மாகாணத்தின் கையில் கொடுத்துவிட்டது, ரொறன்ரோ மாநகரசபையே மாகாணச் சட்டம் ஒன்றின் தயவில்தான் நிற்கிறது. 2018இல் மாநகரசபைக்கு 47 வட்டாரங்களில் நடக்கவிருந்த தேர்தலை, பிரசாரம் நடந்துகொண்டிருந்தபோதே மாகாண அரசு 25 ஆகச் சுருக்கியது. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய், 2021இல் 5க்கு 4 என்று மாகாணம் வென்றது. சபையையே பாதியாக்க முடிந்தவர்களுக்கு சைக்கிள் பாதை எம்மாத்திரம்? 2024 நவம்பரில் நிறைவேறிய 212ஆம் சட்டமூலம் புளூர், யங், யூனிவர்சிட்டி ஆகிய மூன்று வீதிகளின் சைக்கிள் பாதைகள் மீதும் கை வைத்தது. அதோடு, வாகனத் தடமொன்றை எடுத்துப் புதுச் சைக்கிள் பாதை போட மாகாணத்தின் அனுமதி வேண்டும் என்றும் ஆனது.

நீதிமன்றம் அதைத் தடுத்துவிட்டதே, அப்போ நகரம் வென்றதுதானே?

இல்லை. வழக்குப் போட்டவர்கள் சைக்கிள் ஓடுகிறவர்கள், மாநகரசபை அல்ல. பாதைகளை எடுத்தால் அவர்களுடைய உயிருக்கு ஆபத்து கூடும், நெரிசல் குறையும் என்பதற்கும் ஆதாரமில்லை, ஆகவே உயிரையும் பாதுகாப்பையும் காக்கும் உரிமைச் சாசனத்தின் 7ஆம் பிரிவை அது மீறுகிறது என்றார் நீதிபதி (2025 ஜூலை). நகரத்துக்கு அதிகாரம் உண்டா இல்லையா என்பது அங்கே தீர்க்கப்படவில்லை. அரசு மேன்முறையீட்டுக்குப் போனது.

ஸ்காபரோவில் பஸ்ஸுக்கு நின்று நின்றே காலம் போகிறது. சப்வே பற்றிக் கவுன்சிலரைப் பிடித்துக் கேட்கலாமா?

பஸ் பற்றி என்றால் பிடியுங்கள், பஸ் ஓட்டும் ரிரிசி போக்குவரத்துச் சபை நகரத்துடையது. சப்வே என்றால் உங்கள் மாகாணசபை உறுப்பினரைத்தான் கேட்க வேண்டும். 2013இல் மாநகரசபை மூன்று நிலையம் என்றது, 2016இல் ஒன்று போதும் என்றது, 2019இல் மாகாணம் திட்டத்தையே தன் கையில் எடுத்து மறுபடி மூன்று என்று 7.8 கிலோமீற்றர் நீளத்துக்கு தன் போக்குவரத்து நிறுவனமான மெட்ரோலிங்க்ஸிடம் கொடுத்தது. இவர்கள் இப்படிக் கணக்குப் பார்த்துக்கொண்டிருக்க, 2023 ஜூலை 24 மாலை எல்ஸ்மியர் நிலையத்துக்குப் பக்கத்தில் ஸ்காபரோவில் ஓடிய பழைய ஆர்ரி ரயிலின் கடைசிப் பெட்டி தடம் புரண்டது, ஐந்து பேருக்குக் காயம். எப்படியும் அந்த நவம்பரில் மூடவிருந்த பாதை, அதற்குப் பிறகு ஓடவேயில்லை.

மாகாணம் எடுத்தால் வேலை நடக்கும் என்பவர்களுக்கு ஒன்று: எக்ளிங்டன் மேற்கு சப்வேக்குத் தோண்டத் தொடங்கியிருந்த குழியை 1995இல் மூடியதும் மாகாண அரசுதான்.

காசில்லை காசில்லை என்கிறார்கள். கார்டினர் விரைவுச்சாலையில் சுங்கம் வாங்கினால் என்ன?

கேட்டுப் பார்த்தார்கள். 2016 டிசம்பரில் மாநகரசபை ஆம் என்றது, அடுத்த மாதமே அப்போதைய மாகாண முதல்வர் கத்லீன் வின் மாட்டேன் என்றார். மாகாணத்தின் ஒழுங்குவிதி இல்லாமல் நகரம் சுங்கமாக ஒரு டொலர்கூட வசூலிக்க முடியாது. (புறநகர் வாக்குகளை நினைத்துச் செய்தார் என்றுதான் நான் நினைக்கிறேன், 2018 தேர்தலில் அதுவும் கைகொடுக்கவில்லை.) பிறகு 2023இல் கார்டினரையும் டிவிபி (டொன் வலி பார்க்வே) விரைவுச்சாலையையும் மாகாணமே பொறுப்பேற்கச் சம்மதித்தது. பராமரிப்புச் செலவு நகரத்தின் தலையில் இருந்து இறங்கியது, சுங்கக் கனவும் கூடவே போய்விட்டது.

பள்ளிக்கூடத்துக்குப் பக்கத்தில் இருந்த வேகக் கமரா எங்கே?

2025 நவம்பர் 14 முதல் ஒன்ராறியோ முழுக்கத் தடை. பார்க்சைட் டிரைவ் கமராவை ஆட்கள் திரும்பத் திரும்ப வெட்டிச் சாய்த்தார்கள், ஒருமுறை ஹை பார்க் வாத்துக் குளத்திலேயே போட்டார்கள். நகரம் ஒவ்வொரு முறையும் திரும்ப நட்டது. சட்டம் வந்த பிறகு நட வழியில்லை. வேகத்தடை, பெரிய அறிவிப்புப் பலகை இவை இன்னும் போடலாம், அதற்குக் கவுன்சிலருக்கு எழுதுங்கள்.