ஆப் திரும்பி வந்தது, கேம் வரவில்லை: வழக்குப் போட முடியுமா?

கேள்வி: என் பழைய போன் தண்ணீரில் விழுந்து செயலிழந்துவிட்டது. புதிய போனில் அதே கணக்கைப் போட்டு, கிளவுட் பேக்கப்பிலிருந்து ரீஸ்டோர் செய்தேன். ஆப்கள் வரிசையாக வந்து இறங்கின. ஆனால் என் மகன் நான்கு ஆண்டுகளாக விளையாடிய கேம் முதல் லெவலில் இருந்து தொடங்குகிறது. அதில் என் கார்டிலிருந்து பலமுறை பணம் கட்டி டைமண்ட் வாங்கியிருக்கிறோம். நான் தினமும் குறிப்பு எழுதும் ஆப்பும் காலியாக இருக்கிறது. கேம் நிறுவனத்துக்கு எழுதினால், “கெஸ்ட்டாக, அதாவது எந்தக் கணக்கையும் இணைக்காமல், விளையாடியிருக்கிறீர்கள், மீட்க இயலாது. மெய்நிகர் பொருள்களில் உங்களுக்கு உரிமை இல்லை” என்று ஒரே பதில் திரும்பத் திரும்ப வருகிறது. பணம் கொடுத்து வாங்கியது என்னுடையது இல்லையா? வழக்குப் போடலாமா?

பதில்:

வழக்கைப் பற்றி அப்புறம் பேசலாம். போன் பழுதாகி எத்தனை நாள் ஆயிற்று என்று நீங்கள் எழுதவில்லை. எனக்கு முதலில் தெரிய வேண்டியது அதுதான். நுகர்வோர் வழக்குக்குச் சட்டம் தரும் அவகாசம் பொதுவாக ஆண்டுக்கணக்கில் இருக்கும். உதாரணமாக, இந்தியச் சட்டத்தில் 2 ஆண்டு. கிளவுட் பேக்கப் அவ்வளவு நாள் காத்திருக்காது. ஆண்ட்ராய்டு போனை 57 நாள் பயன்படுத்தாமல் விட்டால் அதன் பேக்கப்பை கூகுள் அழித்துவிடும். ஐபோனின் ஐகிளவுட் பேக்கப்பை நிறுத்திவிட்டால் கடைசியாக எடுத்தது 180 நாள் வரை இருக்கும். வக்கீல் நோட்டீஸ் தயாராவதற்குள் கேட்க வேண்டிய பொருளே காணாமல் போய்விடக்கூடும். ஆகவே இதைப் படித்ததும் உங்கள் கணக்கின் பேக்கப் பக்கத்துக்குப் போய், பழைய போனின் பெயரில் ஏதாவது இருக்கிறதா, கடைசியாக எந்தத் தேதியில் எடுக்கப்பட்டது என்று பாருங்கள். இருந்தால், தேதி தெளிவாகத் தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள்.

அடுத்தது மகனுக்கு. நிறுவனம் முடிவான பதில் சொல்லும்வரை அந்த கேமைத் திறந்து விளையாட வேண்டாம் என்று சொல்லுங்கள். பல கேம்களில் கணக்கை இணைத்ததும் ஒரு சின்னப் பெட்டி வரும். ஒரு பக்கம் “லெவல் 212, கிளவுட்”, இன்னொரு பக்கம் “லெவல் 3, இந்தச் சாதனம்”. எதை வைத்துக்கொள்ளலாம் என்று கேட்கும். கை தவறி மூன்றாம் லெவலைத் தொட்டுவிட்டால் அது மேலே ஏறி 212-ஐ அழித்து உட்கார்ந்துவிடும். அதற்குப் பிறகு “நீங்களே தேர்ந்தெடுத்தீர்கள்” என்று நிறுவனம் சொன்னால், அந்த வாதத்தை உடைக்க என்னிடமும் வலுவான பதில் கிடையாது. பெட்டி வந்தால் தொடாமல் முதலில் படம் எடுக்கச் சொல்லுங்கள்.

சரி, ஆப் வந்து தரவு ஏன் வரவில்லை? இது தொழில்நுட்பக் கேள்வி மாதிரி தெரிந்தாலும், யார் மேல் தவறு என்பது இதில்தான் இருக்கிறது. ரீஸ்டோர் செய்யும்போது ஆப் உங்கள் பேக்கப்பிலிருந்து வருவதில்லை, ஸ்டோரிலிருந்து புதிதாக இறங்குகிறது. அதன் உள்ளே இருந்த தரவு மட்டும்தான் பேக்கப்பிலிருந்து வர வேண்டும். ஆண்ட்ராய்டில் ஓர் ஆப்புக்கு 25 எம்பி வரைதான் தானியங்கி பேக்கப் நடக்கும். அதைத் தாண்டினாலும், ஆப்பைத் தயாரித்தவர் பேக்கப் வேண்டாம் என்று குறித்திருந்தாலும், எதுவும் மேலே போயிருக்காது. தவிர, போன் சும்மா கிடந்து, சார்ஜில் இருந்து, வைஃபையும் இருந்தால்தான் வழக்கமாக அந்த வேலை நடக்கும். ஆண்ட்ராய்டு 9 முதல் இந்தத் தரவு பழைய போனின் லாக் எண்ணைக் கொண்டு பூட்டப்படுகிறது. புதிய போனை அமைக்கும்போது பழைய போனின் லாக் எண்ணைக் கேட்டதா? அந்தக் கட்டத்தை “பிறகு” என்று தள்ளியிருந்தால் உங்கள் குறிப்புகள் வராததற்கு அதுவே காரணமாக இருக்கலாம். பேக்கப் இன்னும் இருந்தால், போனை மறுபடி ஆரம்ப நிலைக்குக் கொண்டுபோய், அந்த எண்ணைக் கொடுத்து ஒருமுறை முயன்று பாருங்கள். அதற்கு முன் புதிய போனில் சேர்ந்திருக்கும் படங்களை வேறிடத்தில் எடுத்து வைத்துவிடுங்கள்.

கேமின் கதை வேறு. இந்த மாதிரி ஆன்லைன் கேம்களில் முன்னேற்றம் பெரும்பாலும் நிறுவனத்தின் சர்வரில்தான் இருக்கும், போனில் இருப்பது ஒரு சாவி மட்டும். கெஸ்ட்டாக விளையாடினால் அந்தச் சாவி அந்த போனோடு போய்விடுகிறது. பெட்டகம் அப்படியே இருக்கிறது, யாருடையது என்று காட்டச் சீட்டு இல்லை, அவ்வளவுதான். அதனால் “மீட்க இயலாது” என்ற பதிலை நான் அப்படியே ஏற்க மாட்டேன். “நீங்கள்தான் அவர் என்று எங்களுக்குத் தெரியவில்லை” என்பதே பல நேரம் அதன் உண்மையான பொருள்.

இப்போது உங்கள் பெரிய கேள்விக்கு வருகிறேன். பணம் கொடுத்து வாங்கியது உங்களுடையதா? வருத்தமான பதில்தான்: பெரும்பாலான கேம்களின் விதிமுறையில், டைமண்ட், காயின், கதாபாத்திரம் எல்லாம் உங்களுக்கு விற்கப்படவில்லை, பயன்படுத்த அனுமதி மட்டும் தரப்படுகிறது என்று எழுதியிருக்கும். நாம் அனைவரும் படிக்காமல் “ஒப்புக்கொள்கிறேன்” அழுத்தும் பக்கத்தில் இருக்கும் வரி இது. இந்தக் குழப்பம் பெரிதாகித்தான், வெறும் அனுமதியை “வாங்குங்கள்” என்று சொல்லி விற்பவர் அதை வெளிப்படையாகச் சொல்ல வேண்டும் என்று கலிபோர்னியாவில் ஒரு சட்டம் 2025 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்தது. ஆகவே “இது என் சொத்து” என்று தொடங்கும் நோட்டீஸை நான் எழுதித் தர மாட்டேன். முதல் பத்தியிலேயே தோற்றுப்போவோம்.

ஆனால் சொத்து இல்லை என்றால் உரிமையே இல்லை என்று ஆகாது. பணம் வாங்கிக்கொண்டு ஒரு சேவை தருவதாக அவர்கள் ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். சேவையில் குறை இருந்தால் கேட்கலாம், பல நாடுகளின் நுகர்வோர் சட்டத்தில் இதுதான் அடிப்படை. இந்தியாவின் 2019-ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில், தெரிய வேண்டிய தகவலை வேண்டுமென்றே மறைப்பதும் சேவைக் குறைபாடுதான். ஐரோப்பிய ஒன்றியத்தின் 2019/770 என்ற நெறிமுறையோ, பணத்துக்குப் பதில் தனிப்பட்ட தரவைக் கொடுத்துப் பெறும் டிஜிட்டல் சேவையையும் உள்ளே கொண்டுவருகிறது.

உங்கள் விஷயத்தில் எனக்குப் பிடித்த கேள்வி ஒன்று இருக்கிறது. கெஸ்ட் கணக்கை மீட்க முடியாது என்று நிறுவனத்துக்கு முதல் நாளே தெரியும். தெரிந்தும் அதே கெஸ்ட் கணக்கிடம் நான்கு ஆண்டுகள் டைமண்ட் விற்றிருக்கிறது. பணம் வாங்கும் அந்தத் திரையில், “கணக்கை இணைக்காவிட்டால் போன் போனால் இதுவும் போகும்” என்று ஒரு வரி இருந்ததா? மகனிடம் நிதானமாகக் கேளுங்கள். அடிக்கடி வந்த எச்சரிக்கையை அவன் மூடிக்கொண்டே இருந்தான் என்றால் நம் பக்கம் மெலிந்துவிடும். அப்படி எதுவும் வரவே இல்லை என்றால், உங்கள் வழக்கின் முதுகெலும்பு அதுதான்.

ரசீதுகளைத் தேடி எடுங்கள். கூகுள் ப்ளேயில் வாங்கியிருந்தால் ஒவ்வொரு ரசீதிலும் ஜிபிஏ என்று தொடங்கும் ஆர்டர் எண் இருக்கும். ஆப்பிளிலும் ஆர்டர் எண்ணோடு மெயில் வந்திருக்கும். அந்த எண்கள் நீங்கள் பணம் கட்டியதைக் காட்டும் என்பது ஒரு பக்கம். அதைவிட முக்கியம், அந்த ஆர்டரில் போன டைமண்ட் எந்தக் கெஸ்ட் கணக்கில் இறங்கியது என்பது நிறுவனத்தின் பதிவேட்டில் இருக்க வேண்டும். காணாமல் போன சீட்டு அதுதான். கேமின் அமைப்புப் பக்கத்தில் ப்ளேயர் ஐடி என்று ஒரு எண் இருக்கும். மகன் எப்போதாவது நண்பர்களுக்கு அனுப்பிய ஸ்கிரீன்ஷாட்டில் அது ஓரத்தில் பதிவாகியிருக்கலாம், பழைய சாட்களைப் புரட்டிப் பாருங்கள். கடிதம் மட்டும் உங்கள் பெயரில் போகட்டும். கார்டு உங்களுடையது, ஸ்டோர் கணக்கு உங்களுடையது. சிறுவன் எழுதினால் அடையாளச் சிக்கல் இரட்டிப்பாகும்.

“ரீஸ்டோர் பர்ச்சேஸ்” பொத்தானை அழுத்திப் பார்த்திருப்பீர்கள். விளம்பரம் நீக்குவது, முழுப் பதிப்பைத் திறப்பது போன்ற ஒருமுறைக் கொள்முதல்களும் சந்தாக்களும்தான் அதில் திரும்பும். செலவாகித் தீரும் டைமண்ட் வராது. ஆனாலும் ஆப்பிள் தன் ஸ்டோரில் உள்ள ஆப்களுக்கு வைத்திருக்கும் விதியில், பணம் கொடுத்து வாங்கிய கேம் நாணயம் காலாவதியாகக் கூடாது என்று இருக்கிறது. அது சட்டம் அல்ல, ஆப்பிளுக்கும் கேம் தயாரிப்பவருக்கும் இடையிலான விதி. நீங்கள் வாங்கியது ஐபோனில் என்றால் கடிதத்தில் அதைக் குறிப்பிடுவதில் தவறில்லை.

எழுதும்போது கோபத்தைக் கொட்ட வேண்டாம். இப்படிப் போதும்: “இந்த ஆர்டர் எண்களில், இந்தத் தேதிகளில் நான் பணம் செலுத்தினேன். இவை வரவு வைக்கப்பட்ட ப்ளேயர் ஐடி எது என்பதைத் தெரிவிக்கவும். அந்தக் கணக்கை என் தற்போதைய கணக்கோடு இணைத்துத் தரவும். அது முடியாது என்றால் காரணத்தை எழுத்தில் தரவும். இந்தக் கோரிக்கை முடியும்வரை அந்தக் கணக்கின் தரவு எதையும் அழிக்க வேண்டாம்.” கடைசி வரியை விட்டுவிடாதீர்கள்.

இதோடு தரவு உரிமையையும் சேர்த்துக் கேட்கலாம். ஐரோப்பிய ஒன்றியத்தின் பொதுத் தரவுப் பாதுகாப்பு விதிமுறையில், தன்னைப் பற்றி நிறுவனம் வைத்திருக்கும் தரவின் பிரதியைக் கேட்க 15-ஆம் பிரிவு வழி தருகிறது. பதில் ஒரு மாதத்தில் வர வேண்டும், சிக்கலான கோரிக்கை என்றால் மேலும் இரண்டு மாதம் நீட்டிக்கலாம். அது உங்களுக்குப் பொருந்துமா என்பது நீங்கள் இருக்கும் இடத்தையும் நிறுவனம் இருக்கும் இடத்தையும் பொறுத்தது. பல நாடுகளில் இதை ஒத்த உரிமை உண்டு. தரவின் பிரதி வந்தால் கேம் திரும்பிவிடாது. ஆனால் நான்கு ஆண்டுக் கணக்கு சர்வரில் உயிரோடு இருக்கிறதா இல்லையா என்பது அதில் தெரிந்துவிடும், “இயலாது” என்ற சொல் எவ்வளவு நிஜம் என்பதும் தெரிந்துவிடும்.

ஒன்றை மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். மனம் வெறுத்துப்போய் “என் தரவு எல்லாவற்றையும் அழித்துவிடுங்கள்” என்று எழுதிவிடாதீர்கள். அந்தக் கோரிக்கையை நிறுவனங்கள் உடனே நிறைவேற்றிவிடும், நம் சாட்சியமும் அதோடு போய்விடும். வங்கியிடம் சொல்லிப் பழைய கட்டணங்களைத் திருப்பி வாங்கும் யோசனையும் வேண்டாம். நீங்களே அனுமதித்த கட்டணத்தை மறுத்தால் ஸ்டோர் கணக்கே முடக்கப்படலாம், அப்போது மீதி ஆப்களும் சேர்ந்து போகும்.

குறிப்பு ஆப்பைப் பற்றி நீங்கள் ஒரே வரியில் கடந்துவிட்டீர்கள். எனக்கோ அதுதான் மனதை உறுத்துகிறது. நீங்கள் எழுதிய குறிப்புகள் உங்கள் படைப்பு, பதிப்புரிமை உங்களுடையது, எந்த விதிமுறையும் அதை வெறும் அனுமதியாக்கிவிட முடியாது. கேமில் இல்லாத முழு உரிமை இங்கே இருக்கிறது. ஆனால் ஒரே பிரதி அந்த போனில்தான் இருந்தது என்றால், யாரிடம் போய்க் கேட்பது? முதலில் அந்த ஆப்புக்குச் சொந்தமாகக் கணக்கு, ஒத்திசைவு வசதி இருந்ததா என்று பாருங்கள். “உங்கள் தரவு கிளவுடில் பாதுகாப்பாக இருக்கும்” என்று ஆப்பின் விளக்கத்தில் எழுதியிருந்தால் அந்தப் பக்கத்தை இன்றைக்கே படம் எடுங்கள். சொன்னதைச் செய்யவில்லை என்று கேட்க அது போதும். அப்புறம், பழைய போனைத் தூக்கிப் போடவோ மாற்றிக்கொள்ளவோ செய்யாதீர்கள். இன்றைய போன்களில் உள்ளே இருப்பது மறையாக்கம் செய்யப்பட்டிருப்பதால், சிப்பைக் கழற்றித் தரவு எடுப்பது பெரும்பாலும் நடக்காது. போனை ஒருமுறை உயிர்ப்பித்து உங்கள் லாக் எண்ணைப் போட முடிந்தாலே போதும். கேமின் கெஸ்ட் சாவியும் அதற்குள்தான் இருக்கிறது. தரவு மீட்பு செய்பவரிடம் கொடுக்கும்போது, “போன் சரியாக ஓட வேண்டாம், ஒரு மணி நேரம் திறந்தால் போதும்” என்று சொல்லுங்கள். ரீசெட் செய்யக் கூடாது என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

வழக்குப் போடலாமா என்று கேட்டீர்கள். போடலாம். இந்தியாவில் என்றால் நீங்கள் வசிக்கும் இடத்து நுகர்வோர் ஆணையத்திலேயே புகார் தரலாம். வேறு நாடுகளில் சிறு வழக்கு மன்றங்களோ நுகர்வோர் அமைப்புகளோ உண்டு. ஆனால் அங்கே கிடைக்கக்கூடியது பணம்தான், அதுவும் ரசீது இருக்கும் அளவுக்கு. அதிலும் செலவழித்துவிட்ட டைமண்டுக்கு எவ்வளவு என்று எதிர்த் தரப்பு கேட்கும். மகன் நான்கு ஆண்டு செலவிட்ட நேரத்துக்கு எந்த மன்றமும் விலை போட்டுத் தராது. அவனுக்கு வேண்டியது அந்தக் கணக்குதான், அதைத் தரக்கூடியது நிறுவனம் மட்டும். அதனால் முதல் கடிதத்துக்கு 30 நாள் கொடுங்கள். பதில் வராவிட்டால், அல்லது அதே இயந்திரப் பதில் திரும்ப வந்தால், ரசீதுகள், ஸ்கிரீன்ஷாட்கள், நீங்கள் அனுப்பிய கடிதம் எல்லாவற்றையும் தேதி வரிசையில் அடுக்கி எனக்கு அனுப்புங்கள். நோட்டீஸ் நான் எழுதுகிறேன்.