இருப்பு இல்லாத நாளைக் கழிச்சு எண்ணுங்க: அரசு மருந்து, காப்பீட்டு அட்டை பற்றிய கேள்வி பதில்

பதில் சொல்பவர்: ஓய்வுபெற்ற அரசு மருந்தாளுநர், பாளையங்கோட்டை. மருந்து இருப்பு, ஆரம்ப சுகாதார நிலையம், காப்பீடு பற்றிக் கேட்கலாம். எந்த நோய்க்கு எந்த மாத்திரை என்பதை டாக்டரிடம் கேளுங்க.

களக்காடு, வார்டு உறுப்பினர்: அண்ணாச்சி, எங்க ஆரம்ப சுகாதார நிலையத்துல மாசக் கடைசியானா சர்க்கரை மாத்திரை இருக்காது. ஒதுக்கீட்டைக் கூட்டச் சொல்லி மனு குடுக்கலாமா?

மனு பிறகு. முதல்ல கணக்கைப் பாருங்க. 1994-ல் தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம் வந்த பிறகு, மருந்தை மொத்தமா டெண்டர் விட்டு, கம்பெனிப் பெயர் பார்க்காம மூலப்பெயரில் வாங்கி, மாவட்டக் கிடங்கில் இறக்குறாங்க. ஒவ்வொரு நிலையத்துக்கும் ஒரு பாஸ்புக். அதில் இருக்கிற தொகைக்குள்ள வேண்டியதை எடுத்துக்கலாம். ஆக, எவ்வளவு வேணும்னு எழுதுறது கீழே இருக்கிறவர்தான். கோளாறும் அங்கேதான்.

மூணு மாசத்துல சர்க்கரைக்கான மெட்ஃபார்மின் 500 மி.கி. 27,000 மாத்திரை போயிருக்குன்னு வைங்க. 90-ஆல் வகுத்தா நாளுக்கு 300, மாசத்துக்கு 9,000. அதையே எழுதி அனுப்புவாங்க. ஆனா அந்த 90-ல் 15 நாள் அலமாரி காலி. மருந்து இருந்த 75 நாளால்தான் வகுக்கணும்: நாளுக்கு 360, மாசத்துக்கு 10,800. நாளுக்கு 360 போற இடத்துல 9,000 வாங்கி வச்சா 25-ம் தேதியோட தீரும். நீங்க சொல்ற மாசக் கடைசி இதுதான். அந்தக் காலி நாளும் அடுத்த சராசரிக்குள்ள புகுந்து, பற்றாக்குறை தன்னைத்தானே வளத்துக்கிடும்.

தீரப்போகுதுன்னு தெரிஞ்சதும் 30 நாளுக்குப் பதில் 10 நாளுக்குக் கொடுப்பாங்க. வருஷத்துக்கு 12 தடவை வந்தவர் 36 தடவை வரணும். பீடி சுத்துற அம்மாவுக்கு ஒவ்வொரு தடவையும் ஒரு நாள் கூலி போச்சு, ஓ.பி. (வெளிநோயாளி) வரிசையும் மூணு மடங்கு. போதாததுக்கு மாத்திரை அட்டையை வேற துண்டு துண்டா வெட்டுவாங்க. அதைப் பற்றிக் கீழே சொல்றேன்.

வள்ளியூர்: முதலமைச்சர் காப்பீட்டு அட்டைக்கு ஓ.பி. மாத்திரை கிடைக்குமா?

கிடைக்காது. பட்டியலில் உள்ள சிகிச்சைக்கு மட்டும்தான்.

அம்பாசமுத்திரம்: நாய்க்கடிக்கு ரெண்டு தோள்லயும் துளித்துளியாக் குத்தி அனுப்புறாங்க. மருந்தை மிச்சம் புடிக்காங்களோ?

ஆமா, மிச்சம்தான். அதுல தப்பு இல்லை. தோலுக்குள்ள எதிர்ப்புச் செல்கள் அதிகம். அதனால ஒரு இடத்துக்கு 0.1 மி.லி. போதும். முதல் நாள், அதிலிருந்து 3, 7, 28-ம் நாட்கள், ஒவ்வொரு தடவையும் ரெண்டு தோள்ல. மொத்தமே 0.8 மி.லி. சதையில் போட்டா ஒவ்வொரு தவணைக்கும் ஒரு குப்பி, அஞ்சு தவணை.

ஒரு இடைஞ்சல் உண்டு. கலக்கின குப்பியை 2 முதல் 8 டிகிரி குளிரில் வச்சு, ஆறிலிருந்து எட்டு மணி நேரத்துக்குள்ள தீர்க்கணும். நாளுக்கு ஒருத்தர் வர்ற இடத்துல மிச்சம் குப்பைக்குத்தான் போகும். நாலைஞ்சு பேர் சேர்ற வட்டார நிலையத்துல தொடர் தவணைகளை வச்சா கணக்கு நிக்கும். அதுக்காக முதல் ஊசியைத் தள்ளிப்போடக் கூடாது. கடிச்ச உடனே ஓடுற தண்ணியில சோப்புப் போட்டு 15 நிமிஷம் கழுவுங்க. ரத்தம் வந்திருந்தா இம்யூனோகுளோபுலின் (தயார் எதிர்ப்பொருள் மருந்து) பற்றிக் கேளுங்க. தடுப்பூசி மட்டும் போதாது.

பேட்டை: காப்பீட்டு அட்டையக் காட்டி பிரஷர் மாத்திரை வாங்கலாமா?

வள்ளியூர்க்காரருக்குச் சொன்னதேதான்.

மேலப்பாளையம்: அரசு மாத்திரைக்கு வீரியம் கம்மின்னு சொல்றாங்களே?

கிடங்குக்கு வர்ற ஒவ்வொரு மருந்துத் தொகுதியிலயும் (பேட்ச்) மாதிரி எடுத்து, ஆய்வகத்துக்கு அனுப்பி, தேறினாத்தான் வெளியே விடுவாங்க. வீரியம் போறது பெரும்பாலும் வீட்டுல: தகரக் கூரைக்குக் கீழே, அடுப்பு மேடையில, பிரிச்சுக் கொட்டின டப்பாவுல. மாத்திரை அட்டையை வெட்டாதீங்க, வெட்டவும் விடாதீங்க. தொகுதி எண்ணும் காலாவதித் தேதியும் ஒரு ஓரத்துலதான் இருக்கும். வெட்டின மிச்சத்துல அது போச்சுன்னா, ஒரு தொகுதியைத் திரும்பக் கேட்டாக்கூட எது அதுன்னு கண்டுபிடிக்க வழியில்லை.

பாளையங்கோட்டை, ஓய்வுபெற்ற கணக்கர்: இம்புட்டு கிடங்கு, ஆளு, கட்டடம் எதுக்கு? எல்லாருக்கும் காப்பீடு குடுத்துட்டா செலவு மிச்சம்தானே?

காப்பீடு படுக்கையில விழுந்த பிறகுதான் பேசும் சார். சர்க்கரை முத்தி விரலை எடுக்கப் பணம் தரும்; விரலைக் காப்பாத்துற மாத்திரைக்குத் தராது. நம்ம வீடுகள்ல கைக்காசு அதிகம் கரையறது மருந்துக்கடையிலதான்.

சங்கரன்கோவில்: நல்லாப் பேசுதீங்க. ஹைகிரவுண்ட் பெரியாஸ்பத்திரில ஆபரேசனுக்கு வரிசைல நிக்கது யாரு?

நியாயம். அந்த இடத்துல காப்பீடு உதவும், மறுக்கலை. ஆனா அதே காப்பீட்டுப் பணம் அரசு ஆஸ்பத்திரிக்கும் வரும், உரிமைகோரலை ஒழுங்கா அனுப்பினா. முன்அனுமதி, பரிசோதனை முடிவு, டிஸ்சார்ஜ் சுருக்கம் இதுல ஒண்ணு குறைஞ்சாலும் பணம் நிக்கும். வரிசையைக் குறைக்க டாக்டரோட சேத்து, காகிதம் பார்க்க ஒரு ஆளும் வேணும்.

பாளையங்கோட்டை, அதே கணக்கர்: அரவிந்த் கண் ஆஸ்பத்திரி தனியார்தானே? மலிவாச் செய்யலையா?

நல்ல உதாரணம், ஆனா உங்க வாதத்துக்கு இல்லை. மதுரையில 1976-ல் தொடங்கி, 1988-ல் நம்ம திருநெல்வேலிக்கு வந்தது. காசு கட்டுறவர் கட்டாதவரைச் சுமக்கிறார். ஒரு டாக்டருக்கு ரெண்டு மேசை: ஒண்ணுல அறுவை நடக்கும்போதே அடுத்ததுல நோயாளியைத் தயார்படுத்தி வச்சிருப்பாங்க. கண்ணுக்குள்ள வைக்கிற லென்ஸுக்கு 1992-ல் ஆரோலேப்னு சொந்தத் தொழிற்சாலையே போட்டாங்க. மலிவு வந்தது வேலை முறையில, காப்பீட்டுல இல்லை. கண்புரை அறுவை ஒரே மாதிரி வேலை, சீக்கிரம் முடியும். நெஞ்சுவலியோட வர்ற கிழவரை ரெண்டு மேசைக் கணக்குல ஓட்ட முடியாது.

திசையன்விளை: எங்க அப்பாவுக்கு பிரஷர் மாத்திரையை மாத்தலாமா?

டாக்டரைப் பாருங்க.

முக்கூடல்: காப்பீட்டு அட்டைக்கு ஓ.பி...

மேலே ரெண்டு தடவை சொல்லியாச்சு. அட்டை இல்லாதவங்க கேட்டா பதில் உண்டு: குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள்ள இருக்கணும்; வருமானச் சான்று, ரேஷன் அட்டை, ஆதாரோட கொக்கிரகுளம் கலெக்டர் ஆபீஸுக்குப் போங்க.

களக்காடு, அதே வார்டு உறுப்பினர்: கணக்கைத் திருத்தி எழுதியாச்சு அண்ணாச்சி. கிடங்குலயே இருப்பு இல்லைன்னுட்டா?

இருப்பு இல்லைங்கிறதைத் தேதி போட்டு எழுத்துல வாங்கச் சொல்லுங்க. அதை வச்சுத்தான் உள்ளூர்க் கொள்முதலுக்குக் கேட்க முடியும். அந்தத் தேதியை இருப்புப் பதிவேட்டுலயும் சிவப்பு மையில ஏத்திடணும். அடுத்த தடவை வகுக்கும்போது கழிக்க வேண்டிய நாள் அது.