வெட்டிய கட்டை

அன்புள்ள ஐயா,

செப்டம்பர் கடைசியில் ஏழு வயது மகனுடன் இங்கிலாந்தின் நியூ ஃபாரஸ்ட் பகுதிக்குப் போயிருந்தேன். சாலையில் பன்றிகள் அலைந்தன. ஒருவர் ஹேசல் என்ற கொட்டை மரத்தின் கழிகளால் படல் முடைந்துகொண்டிருந்தார். கழிக்காக மரத்தை அடியோடு வெட்டுவார்களாம். மகன் அழுதுவிட்டான். எனக்கும் கசந்தது. இந்த மாதிரிக் கைத்தொழிலை நம் ஊரில் அவனுக்கு எங்கே காட்டலாம்?

ஒரு வாசகர், சவுத்தாம்ப்டன்

அன்புள்ள நண்பருக்கு,

பன்றிகள் கிடக்கட்டும். உதிரும் ஓக் காய்கள் குதிரைக்கும் மாட்டுக்கும் நஞ்சு, பன்றிக்கு விருந்து. அதற்காகவே அவிழ்த்துவிடுகிறார்கள்.

மகன் அழுததைப் படித்து நெகிழ்ந்தேன். ஆனால் உங்களுக்கு என்ன வந்தது? வெட்டிய பிறகு அந்த மரம் என்ன ஆகும் என்று, எதிரிலேயே உட்கார்ந்திருந்தவரிடம் கேட்கத் தோன்றவில்லையா?

என் தாத்தா கரும்பு வெட்டும்போது வரப்பிலேயே நிற்பார். மண்ணை ஒட்டி வெட்டாதவனுக்குக் கூலியோடு வசவும் கிடைக்கும். உயரத்தில் கட்டை விட்டால், அதிலிருந்து மறுபடி துளிர்க்கும் மறுதாம்பு நோஞ்சானாக வரும். மொட்டையான கொல்லையைப் பார்த்து நானும் அழுதிருக்கிறேன். தண்ணீர் பாய்ச்சிய சில நாளில் பச்சை எட்டிப்பார்த்தது.

ஹேசலும் மறுதாம்புதான். இலை உதிர்ந்தபின் குளிர்காலத்தில் தரையை ஒட்டி, மழைநீர் தங்காமல் சாய்வாக வெட்டுவார்கள். வசந்தத்தில் ஒரே கட்டையிலிருந்து பத்து இருபது தளிர் கிளம்பும். மான் மேயாமல் காத்தால் ஏழெட்டு ஆண்டில் மறுபடி கழி தயார். இங்கிலாந்தின் சஃபோக் பகுதியில் பிராட்ஃபீல்ட் காட்டை 1252 முதல் இப்படி வெட்டிவருவதற்குப் பதிவு இருக்கிறது. காடு இன்னும் நிற்கிறது, ஐயா! வெட்டிய இடத்தில் வெயில் விழுந்து பூச்செடிகள் எழும். டார்மௌஸ் என்ற சிற்றெலி நீங்கள் போன அதே பருவத்தில் ஹேசல் கொட்டையைத் தின்று கொழுத்துக் குளிர்காலம் முழுக்கத் தூங்கும். வெட்டுவதை நிறுத்தியதால் காடுகள் அடர்ந்து இருண்டன; இந்தச் சிற்றெலி குறைந்துபோனதற்கு அதுவும் ஒரு காரணம். அரிவாளைக் கீழே போட்டவர்கள் அதற்கு நல்லது செய்யவில்லை. தொடாமலிருப்பதுதான் அன்பு என்று உங்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர் யார்? எங்கள் பக்கம் கிடை போடுவதுபோல அங்கேயும் இந்தப் படலால் வயலில் ஆடுகளை அடைத்து உரம் சேர்த்தார்கள். கழி வெட்டாமல் படல் ஏது, கிடை ஏது?

நம் ஊரில் எங்கே என்றுதானே கேட்டீர்கள்? ஊருக்கு வரும்போது கரும்பு வெட்டு நடந்தால் ஒரு நாள் கொல்லையில் நிற்க வையுங்கள். அதற்குமுன் பிப்ரவரியில், கழி வெட்டிய அந்தக் காட்டுக்கே அவனைக் கூட்டிப்போய் ஒரு கட்டையைக் காட்டுங்கள். செப்டம்பரில் திரும்பப் போய் அதன் பக்கத்தில் நிறுத்துங்கள். தளிர் அவன் தோளுக்கு வந்திருக்கும்.