கிளப் காட்சியில் சிரிப்பு எங்கே இருக்கிறது? – கேள்வி பதில்

எலெக்ட்ரானிக் டான்ஸ் மியூசிக், கிளப், ரேவ் (விடிய விடிய நடக்கும் டான்ஸ் பார்ட்டி) இவற்றைக் களமாக வைத்த நகைச்சுவைப் படங்கள் பற்றி வந்த கேள்விகளும் பதில்களும். பார்க்கிறவர்களும் கேட்டிருக்கிறார்கள், எடுக்கிறவர்களும் கேட்டிருக்கிறார்கள்.

சார், இந்த வகையில ஒரே ஒரு படம் பார்க்கணும்னா எது?

ஹ்யூமன் டிராஃபிக். 1999, இயக்கம் ஜஸ்டின் கெரிகன். வேல்ஸ் நாட்டின் கார்டிஃப் நகரம், ஐந்து நண்பர்கள், ஒரு வார இறுதி, அவ்வளவுதான் கதை. டிக்கெட் ஒன்று குறைகிறது, வாசலில் பேசியே உள்ளே போகப் பார்க்கிறார்கள். அந்த மேனேஜராக நடித்திருப்பவர் நிஜ டிஜே கார்ல் காக்ஸ். கிளப்புக்குள் ஆடுவதைவிட, போவதற்கு முன்னும் முடிந்த பின்னும் நடக்கும் பேச்சில்தான் இந்தப் படம் உயிரோடு இருக்கிறது. கிளப் வாழ்க்கையும் பாதிக்கு மேல் அதுதான்.

எ நைட் அட் தி ராக்ஸ்பரியில தலையை ஆட்டுறதுக்கு ஏன் இவ்வளவு சிரிப்பு வருது? சும்மா ஆட்டுறாங்க, அவ்வளவுதானே?

சும்மா இல்லை. பாட்டு ஹேடவேயின் ‘வாட் இஸ் லவ்’, 1993. வேகம் சுமார் 124 பிபிஎம் (நிமிடத்துக்கு 124 அடி), அதாவது நொடிக்கு இரண்டு அடிக்குக் கொஞ்சம் மேல். அந்த அடிக்கு அண்ணன் தம்பி இருவரின் தலையும் பக்கவாட்டில் வெட்டி வெட்டிப் போகிறது. முகத்தில் ஒரு சலனமும் இல்லை, தோளும் இடுப்பும் அசைவதில்லை. நடனத்தில் உடம்பு முழுக்கப் பகிர்ந்துகொள்ள வேண்டிய தாளத்தைக் கழுத்து ஒன்றே சுமக்கிறது. ஒருவர் செய்தால் அது பழக்கம். பக்கத்திலிருப்பவரும் இம்மி பிசகாமல் அதையே செய்யும்போதுதான் சிரிப்பு. நடிகர்களில் ஒருவர் அரை அடி பிந்தினாலும் காட்சி செத்துவிடும். ஒத்திகையின்போது பாட்டை நிறுத்திவிட்டு ஆட விடுங்கள். பத்து நொடி கழித்துப் பாட்டைத் திரும்பப் போடும்போதும் இருவரும் ஒன்றாக இருந்தால் டேக் போகலாம்.

24 ஹவர் பார்ட்டி பீப்பிள் பார்த்தேன். கிளப் நிறைய கூட்டம், ஆனா நஷ்டம்ங்கிறாங்க. காமெடிக்காகச் சேர்த்ததா அண்ணா?

உண்மைதான். மான்செஸ்டரின் ஹாசியெண்டா கிளப் 1982இல் திறந்தது, 1997இல் மூடப்பட்டது. பணம் போட்டவர்கள் ஃபேக்டரி ரெக்கார்ட்ஸும் நியூ ஆர்டர் இசைக்குழுவும். எண்பதுகளின் இறுதியில் ஆசிட் ஹவுஸ் என்ற டான்ஸ் இசை அலை வந்து கூட்டம் நிரம்பியது. ஆனால் எக்ஸ்டசி என்ற போதை மாத்திரை எடுத்தவர்கள் மது வாங்கவில்லை, தண்ணீர்தான் குடித்தார்கள். கிளப்புக்கு வருமானம் பாரில்தான். கூட்டத்தால் நிறைந்த கல்லாப்பெட்டி அல்ல, காலியான கல்லாப்பெட்டிதான் அந்தப் படத்தின் மையச் சிரிப்பு.

2002இல் படம் வந்தபோது பழைய கிளப் இல்லை, உட்புறத்தை செட்டாகவே மறுபடி கட்டினார்கள். தூண்களில் மஞ்சள் கறுப்புப் பட்டைகளைக் கவனியுங்கள், பென் கெல்லியின் அசல் வடிவமைப்பு அது.

இட்ஸ் ஆல் கான் பீட் டோங் படத்துல காது கேக்காத டிஜே மிக்ஸ் பண்றாரே, அது நடக்கிற காரியமா?

பெருமளவு நடக்கும். 2004இல் வந்த படம், களம் இபிசா தீவு. நாயகன் அதிரும் ஸ்பீக்கர்மேல் கால் வைத்து, ஒலி அலையைத் திரையில் பார்த்து மிக்ஸ் செய்கிறான். சுமார் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே உள்ள கிக் (டிரம்மின் ‘டம்’ அடி), பேஸ் (கீழ்ஸ்தாயி இசை) இரண்டையும் உடம்பு நன்றாகவே உணரும். இரண்டு பாட்டின் கிக்கும் ஒன்றாக விழுகிறதா என்பதை அலை வடிவம் காட்டிவிடும். கிடைக்காதது மேல்ஸ்தாயி: ஹை-ஹாட் (டிரம்மின் சின்னத் தாளத் தட்டு) மோதுகிறதா, பாடும் குரல்கள் ஒன்றோடொன்று சண்டை போடுகிறதா, சுருதி சேர்கிறதா என்பதெல்லாம் காலுக்குத் தெரியாது.

காது போகிற காரணமும் கற்பனை இல்லை. 85 டெசிபலில் 8 மணி நேரம் இருக்கலாம் என்றால், ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் நேரம் பாதியாகும். 100 டெசிபலில் 15 நிமிடம்தான். டிஜே நிற்கிற இடத்தில் அந்த அளவு சாதாரணம். இதே கதையை 2011இல் இந்தியில் ‘சவுண்ட்ட்ராக்’ என்று எடுத்தார்கள்.

குறும்படம் எடுக்கிறேன் சார். கிளப்புல ரெண்டு பேர் பேசுற காமெடி சீன். பாட்டு ஓடினா வசனம் கேக்கல, நிறுத்தினா ஆடுறவங்க ஆளுக்கொரு தாளத்துல ஆடுறாங்க.

பாட்டுக்குப் பதில் ‘தம்ப் ட்ராக்’ போடுங்கள். பாட்டின் அதே பிபிஎம்மில் 30 முதல் 40 ஹெர்ட்ஸ் வரையான ஒரு துடிப்பு, வேறெதுவும் கிடையாது. ஆண் குரலே சுமார் 85 ஹெர்ட்ஸில்தான் ஆரம்பிக்கிறது. ஆகவே எடிட்டில் 80 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டினால் துடிப்பு போய்விடும், வசனம் நிற்கும். கண்டிப்பாக சப்-வூஃபர் வேண்டும். சின்ன ஸ்பீக்கரில் போட்டால் 40 ஹெர்ட்ஸ் வராது, அது உடைந்து 80, 120, 160 என்று மேலே ஏறி வசனத்துக்குள் புகுந்துவிடும். பலர் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

முதலில் முழுப் பாட்டை 15 நொடி ஓட விட்டு எல்லோருக்கும் தாளம் ஏறியதும் துடிப்புக்கு மாற்றுங்கள். ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்கள் செருப்பைக் கழற்றி சாக்ஸோடு ஆடட்டும். கை தட்டுவதும் கத்துவதும் பாவனை மட்டும். ஷாட் முடிந்ததும் அவர்களையே ஒரு நிமிடம் சத்தம் போடச் சொல்லித் தனியாகப் பதிவு செய்யுங்கள்.

இதையெல்லாம் செய்தும் காட்சி பொய்யாகத் தெரிந்தால் நடிகரின் தொண்டையைப் பாருங்கள். செட் அமைதியாக இருப்பதால் மெதுவாகப் பேசியிருப்பார். கழுத்து நரம்பு தெரிய, எதிராளியின் காதருகே குனிந்து கத்த வேண்டும். டப்பிங் செய்வதானாலும் இதுதான் முறை. சாதாரணமாக அசைந்த வாய்க்குக் கத்தும் குரல் ஒட்டாது.

பஞ்ச் வசனத்தை எங்க வைக்கிறது? டிராப்புக்கு முன்னாடியா, பின்னாடியா?

முன்னால். டிராப் என்பது அடங்கியிருந்த கிக்கும் பேஸும் முழு பலத்தோடு திரும்ப விழும் இடம். 128 பிபிஎம்மில் ஒரு பார், அதாவது நான்கு அடி, 1.875 நொடி. 16 பார் பிரேக் என்றால் சரியாக 30 நொடி. கிக் இல்லாத அந்த அரை நிமிடம் இசை உங்களுக்கு விட்டுக்கொடுக்கும் இடம். பெரும்பாலான பாட்டில் கடைசி பாரில் எல்லாம் அடங்கி ஒரு வெற்றிடம் வரும், பஞ்ச் அங்கே. டிராப் விழும்போது சிரிப்பும் விழும். அதன்பின் குறைந்தது நான்கு பார், 7.5 நொடி, யாரும் பேசக் கூடாது.

எடிட்டர் கேள்வி: பீட்டுக்குக் கட் பண்ணினா முதல்ல சரியா இருக்கு, போகப் போகத் தள்ளிப் போகுது.

கணக்குதான். 24 பிரேமில் 120 பிபிஎம் என்றால் அடிக்கு 12 பிரேம், வம்பில்லை. 128 என்றால் 11.25. ஒவ்வொரு கட்டுக்கும் 11 பிரேம் வைத்துப் போனால் நான்கு அடியில் ஒரு பிரேம் காணாமல் போகும். ஆனால் ஒரு பார் சரியாக 45 பிரேம். 128இல் பாருக்குப் பார் கட் செய்யுங்கள். இசையமைப்பாளர் உங்களோடு இருந்தால் 120 கேளுங்கள்.

டிஜேவா நடிக்கிறவருக்கு ஒரு நாள்ல என்ன சொல்லிக்கொடுக்கலாம்?

ஹெட்போன் ஒரு காதில் மட்டும். அடுத்த பாட்டை அதில் கேட்கிறார், ஓடும் பாட்டை மறு காதில். ஹவுஸ், டெக்னோ வகை இசை என்றால் கிராஸ்ஃபேடரை (இரண்டு பாட்டுக்கும் நடுவே பக்கவாட்டில் நகரும் பிடி) தொடவே வேண்டாம், ஸ்க்ராட்ச் செய்யவே கூடாது. மேலே போகும் சேனல் ஃபேடர் போதும். புதுப் பாட்டு ஏறும்போது அதன் பேஸ் குமிழ் கீழே இருக்கும். பார் தொடங்கும் இடத்தில் பழையதன் பேஸை இறக்கி, புதியதன் பேஸை ஏற்ற வேண்டும். இரண்டு கையும் ஒரே நேரத்தில் எதிரெதிராகத் திரும்பும் இந்த ஒரு அசைவை நடிகர் கற்றுவிட்டால் தெரிந்தவர்களும் நம்புவார்கள். கையை உயர்த்துவது பிரேக்கில்தான், அப்போதுதான் கை சும்மா இருக்கும்.

கதை 1992இல் நடக்குது. என்ன மெஷின் வைக்கலாம்?

டெக்னிக்ஸ் எஸ்எல்-1200 எம்கே2 டர்ன்டேபிள் (இசைத்தட்டு சுழற்றி), இரண்டு. 1979இலிருந்து இருக்கிறது. பயோனியர் சிடிஜே-1000 என்ற டிஜே சிடி பிளேயர் வந்ததே 2001இல், அதை வைத்தால் மாட்டிக்கொள்வீர்கள். குளோசப் வேண்டுமானால் தட்டின் விளிம்பில் உள்ள புள்ளி வரிசைகளை எடுங்கள்: பிட்ச் (வேகத்தை மாற்றும் பிடி) நடுவில் இருக்கும்போது ஒரு வரிசை சுழலாமல் நிற்பது போல் தெரியும், நகர்த்தினால் மெதுவாக ஓடும். ஊசி பாட்டின் பள்ளத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். லேபிள் ஓரத்தில் நின்றால் பாட்டு முடிந்துவிட்டது என்று அர்த்தம்.

பீட்ஸ் படத்துல வர்ற சட்டம் நிஜமா இருந்துச்சா?

இருந்தது. 1994இல் பிரிட்டன் கொண்டுவந்த சட்டம், ரேவ் இசையை ‘திரும்பத் திரும்ப வரும் அடிகள்’ என்றே வரையறுத்தது. அதே ஆண்டு ஆட்டெக்கர் குழு, எந்த இரண்டு பாரும் ஒன்றுபோல இல்லாத ஒரு பாட்டை வெளியிட்டது. அதைப் போடும் டிஜேக்கள் ஒரு வக்கீலையும் ஒரு இசையியலாளரையும் பக்கத்தில் வைத்துக்கொள்ளும்படி உறையிலேயே அறிவுரை. 2019இல் வந்த படம் அந்த 1994ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தில் நடக்கிறது.

ஸ்ட்ரோப் லைட் போட்டா ஃபிரேம் பாதி வெள்ளை, பாதி இருட்டு. கேமரா கெட்டுப்போச்சா?

இல்லை. சென்சார் மேலிருந்து கீழாக வரி வரியாகப் படிக்கிறது, ஃபிளாஷ் நடுவில் வந்து போய்விடுகிறது. ஃபிளாஷ் ஒரு முழு ஃபிரேம் நேரமாவது எரியும்படி எல்இடி ஸ்ட்ரோபில் நீளத்தைக் கூட்டுங்கள், அல்லது ஃபிரேம் முழுவதையும் ஒரே நேரத்தில் பதிவு செய்யும் குளோபல் ஷட்டர் கேமரா எடுங்கள். சாதாரண விளக்கு மினுமினுத்தால் அது வேறு பிரச்சினை: நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், 24 ஃபிரேமுக்கு ஷட்டரை 172.8 டிகிரி வையுங்கள். ஸ்ட்ரோப் போடும் முன் செட்டில் எல்லோருக்கும் சொல்லிவிடுங்கள், வலிப்பு உள்ளவர்கள் வெளியே போக நேரம் கொடுங்கள். திரையிலும் நொடிக்கு மூன்று ஃபிளாஷுக்கு மேல் போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

புகழ்பெற்ற ஒரு கிளப் பாட்டை வாங்கிப் போடலாமா?

ஒரு பாட்டுக்கு இரண்டு அனுமதி வேண்டும்: பதிவுக்கு லேபிளிடம், இயற்றலுக்குப் பப்ளிஷரிடம். டான்ஸ் பாட்டில் பழைய பாட்டின் சாம்பிள் இருந்தால் மூன்றாவதாக ஒருவரிடமும் போக வேண்டும். குறும்படத்துக்கு இது தாங்காது. தெரிந்த தயாரிப்பாளர் ஒருவரிடம் 120 பிபிஎம்மில் புதிதாகச் செய்து வாங்குங்கள். கிக், பேஸ், மற்றதெல்லாம் தனித்தனி ஸ்டெம்மாக (தனி ஒலிப்பதிவாக) வாங்குங்கள். வசனம் வரும் இடத்தில் பாட்டு முழுவதையும் குறைக்காமல் நடு ஸ்தாயியை மட்டும் இறக்கலாம், கிக் அப்படியே ஓடும்.